திருச்சிச் சீமையின் ஏழிசை மன்னர்

பெரம்பலூரும் அரியலூரும் இன்று தனித்தனி ஜில்லாக்களாக விளங்கினாலும், 1995-ஆம் வருஷம் வரையில் அவ்விரண்டும் பழைய திருச்சிராப்பள்ளி ஜில்லாவின் வடபுறத்துத் தாலுகாக்களாகவே இருந்தன என்பதை நினைவிற்கொண்டால்தான், இந்தப் பிரதேசத்து மூத்த தலைமுறையினர் எம்.கே. தியாகராஜ பாகவதரை ஏன் அயலூர் நடிகராக எண்ணாமல் தங்கள் சீமைக்காரராகவே பாவித்துப் பேசுகிறார்கள் என்பது விளங்கும். கொள்ளிடக் கரையை ஒட்டிய சில ஊர்களை நீக்கிவிட்டால், மற்றப்படி கரிசலும் சுண்ணாம்புக் கல்லும் மானாவாரி விவசாயமுமாக, பருத்தியையும் சோளத்தையும் கடலையையும் நம்பி, வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்த பூமி இது. காவேரிக்குத் தென்கரையில் கோயிலுக்குக் கோயில் நாதஸ்வரமும் தெருவுக்குத் தெரு பாட்டு வாத்தியாரும் வாய்த்திருந்த தஞ்சாவூர் ஜனங்களின் பாக்கியம் இங்கே உழுது பிழைத்தவர்களுக்கு இல்லை. அப்படியிருந்தும், சபையின் வாசற்படியை ஒருநாளும் மிதித்திராத, ராகத்தின் பெயர் இன்னதென்று சொல்லத் தெரியாத எத்தனையோ பேர், ஏற்றம் இறைக்கும்போதும் வண்டி ஓட்டும்போதும் சுத்தமான கர்நாடக ராகங்களைப் பிசகில்லாமல் முணுமுணுத்தார்கள் என்றால், அந்த வித்தையை அவர்களுக்குக் கொண்டுவந்து கொடுத்தவர் பாகவதரே. அவருடைய கீர்த்தியைப் பற்றிப் பேசுகிறவர்கள் பட்டு ஜிப்பாவையும் வைரக் கடுக்கனையும் கொலை வழக்கையும் பற்றியே பேசி முடித்துவிடுகிறார்கள். அவர் செய்த பெரிய காரியம் அதுவன்று என்பதே என் துணிபு.

1910-ஆம் வருஷம் மார்ச்சு மாதம் முதல் தேதி மாயவரத்தில், பொற்கொல்லர் மரபைச் சேர்ந்த விசுவகர்மக் குடும்பமொன்றில் கிருஷ்ணமூர்த்தி ஆசாரியின் மகனாக அவர் பிறந்தார். குடும்பம் திருச்சிக்குக் குடிபெயர்ந்தது. பையனுக்குப் பள்ளிக்கூடத்தில் சிரத்தை இல்லை. பாட்டிலேயே மனம் சென்றது. படிப்பை விட்டுப் பாட்டின் பின்னே திரிந்ததைத் தகப்பனார் கண்டித்தபோது, பையன் வீட்டை விட்டே போய்விட்டானென்றும், பல நாள் தேடியபின் தெலுங்கு நாட்டுக் கடப்பையில், கூடியிருந்த ஜனங்களுக்கு நடுவே பாடிக்கொண்டிருந்த நிலையில் அவனைக் கண்டுபிடித்தார்களென்றும், அந்தக் காட்சியைக் கண்ட தகப்பனாரின் கோபம் அங்கேயே கரைந்துவிட்டதென்றும் சொல்லுவார்கள். திருச்சியில் அப்போது எப்.ஜி. நடேசய்யர் என்ற பெரியவர் இருந்தார். தென்னிந்திய ரயில்வேயில் உத்தியோகம், மனம் முழுவதும் நாடகம். ரசிக ரஞ்சன சபாவை நிறுவி நடத்திய அவரே இந்தப் பையனின் குரலைக் கேட்டு, ஹரிச்சந்திர நாடகத்தில் லோகிதாசனாக மேடையேற்றினார். பாம்பு கடித்து இறக்கும் பாலகனின் வேஷத்தில் ஆரம்பமாயிற்று அவருடைய கலை வாழ்வு.

மேடையில் பாடிய அளவோடு அவர் திருப்தியடைந்து நின்றுவிடவில்லை. மதுரைப் பொன்னு ஐயங்காரிடமும் ஆலத்தூர் வேங்கடேசய்யரிடமும் முறையாகச் சங்கீதம் பயின்றார். இந்த வேங்கடேசய்யர்தாம் பிற்காலத்தில் ஆலத்தூர் சகோதரர்கள் என்று பிரசித்தி பெற்ற ஜோடிக்கும் குரு. நாடகமேடைப் பாடகருக்கு அக்காலத்தில் ஒலிபெருக்கி என்ற சகாயம் கிடையாது. கொட்டகையின் கடைசி வரிசையில் மணலில் உட்கார்ந்திருப்பவனுக்கும் சொல் சொல்லாகக் கேட்கவேண்டுமானால், சாரீரம் மேல் ஸ்தாயியில் நின்று, களைக்காமல், கம்பி இழுத்தாற்போல் ஓடவேண்டும். அந்த மரபின் சக்கரவர்த்தியாக விளங்கிய எஸ்.ஜி. கிட்டப்பா, 1933-ஆம் வருஷக் கடைசியில், முப்பது வயதும் நிரம்பாமலே மறைந்தார். அவருக்குப் பின் யார் என்று நாடக உலகம் திகைத்து நின்ற தருணத்தில், எஸ்.டி. சுப்புலக்ஷ்மியுடன் 'பவளக்கொடி' நாடகத்தில் அர்ஜுனனாகப் பாடிக்கொண்டிருந்த இருபத்துமூன்று வயது வாலிபரை நோக்கி ஜனங்களின் கண் திரும்பியது.

அந்த நாடகத்தையே கே. சுப்ரமணியம் சினிமாப் படமாக எடுத்தார். 1934-இல் 'பவளக்கொடி' வெளிவந்தது. டைரக்டருக்கும் கதாநாயகனுக்கும் கதாநாயகிக்கும் அதுவே முதல் பேசும் படம். ஐம்பதுக்குக் குறையாத பாட்டுக்கள். பேச்சு என்பது பாட்டுக்கும் பாட்டுக்கும் இடையே மூச்சு விடுவதற்கான அவகாசமாகவே இருந்தது. இக்காலத்தவர் அறியவேண்டிய விஷயம் ஒன்று உண்டு. பாட்டை முன்னதாகப் பதிவு செய்துகொண்டு வாயசைக்கும் முறை அப்போது வழக்கத்துக்கு வரவில்லை. நடிகர் நடித்துக்கொண்டே பாடவேண்டும். பக்கவாத்தியக்காரர்கள் காமிராவின் கண்ணுக்குப் படாமல் ஒதுங்கியிருந்து வாசிக்கவேண்டும். ஸ்டுடியோ என்று அடையாற்றில் இருந்ததும் திறந்த வெளியே. சூரிய வெளிச்சத்தை நம்பிப் படம் பிடித்தார்கள். மேகம் மறைத்தால் வேலை நிற்கும். மத்தியானச் சாப்பாட்டின் எச்சிலுக்குக் கூடும் காக்கைகளின் கரைச்சல் ஒலிப்பதிவில் விழுந்துவிடுமென்று, அவற்றைத் துப்பாக்கி வெடித்து விரட்டுவதற்கென்றே சம்பளத்துக்கு ஓர் ஆளை வைத்திருந்தார்களென்று அக்காலச் சரித்திரம் எழுதியவர்கள் குறித்திருக்கிறார்கள். வெயில் சுட, மூச்சு வாங்க, ஒரே தடவையில் பிசகாமல் பாடிக் கொடுத்த அந்தப் பாட்டுக்களைக் கேட்கும்போது, இந்தச் சிரமங்களில் ஒன்றுகூட நம் காதில் படுவதில்லை.

ஏறத்தாழ அதே வருஷங்களில் உலகத்தின் மறுபக்கத்தில் இதே போன்ற விந்தை ஒன்று நடந்துகொண்டிருந்தது. இத்தாலி தேசத்தில் ரெகநாத்தி என்ற சிற்றூரில் செருப்புத் தைக்கும் தொழிலாளியின் மகனாகப் பிறந்து, மாதா கோயில் பாடகர் குழுவில் குரல் பழகி, அமெரிக்காவின் மெட்ரோபாலிடன் இசை நாடக அரங்கு வரையில் சென்று புகழ் நாட்டிய பெனியாமினோ ஜீலி, 1935 முதல் சினிமாப் படங்களில் கதாநாயகனாக நடிக்கலானார். அவர் நடிப்பில் நிபுணரல்லர். கதைகளும் பாட்டுக்கு இடம் வைப்பதற்காகக் கட்டிய எளிய கதைகளே. என்றாலும், இசை நாடக அரங்குக்கு டிக்கெட்டு வாங்க வகையில்லாத சாமானிய இத்தாலியர்கள், தெருமுனைக் கொட்டகையில் அற்பக் காசுக்கு அந்தக் குரலைக் கேட்டார்கள். செருப்புத் தைப்பவரின் மகனும் பொற்கொல்லரின் மகனும் ஒருவரையொருவர் அறியாமலே ஒரே தொண்டைச் செய்துகொண்டிருந்தார்கள். பேசும் படம் என்ற புது யந்திரம், செல்வர்களின் சபாமண்டபத்தில் அடைபட்டிருந்த சங்கீதத்தை அவர்கள் கையால் வீதிக்குக் கொண்டுவந்து சேர்த்தது.

1937-ஆம் வருஷம் பாகவதருடைய வாழ்வில் உதயசூரியன் உச்சிக்கு ஏறிய வருஷம். மதுரை ராயல் டாக்கீஸார் எடுத்து, ஒய்.வி. ராவ் டைரக்ட் செய்த 'சிந்தாமணி' ஒரு வருஷத்துக்கு மேல் ஓடியது. அந்த லாபத்திலிருந்து மதுரையில் ஒரு தியேட்டரையே கட்டி அதற்குச் சிந்தாமணி என்று பெயர் சூட்டினார்கள். அதே வருஷத்தில் வந்த 'அம்பிகாபதி'யை எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் டைரக்ட் செய்தார். தமிழில் ஒரு வாக்கியம் பேசத் தெரியாத அவர், கம்பர் மகனுக்கும் சோழன் மகளுக்கும் ஏற்பட்ட காதலைப் படமாக்கும்போது, இத்தாலியின் வெரோனா நகரத்துக் காதலர்களைப் பற்றி ஷேக்ஸ்பியர் எழுதிய நாடகத்தை மனத்தில் வைத்துக்கொண்டு, அந்தச் சாயலில் வசனம் வேண்டுமென்று வசனகர்த்தா இளங்கோவனைக் கேட்டாரென்பர். தமிழ்ப் படத்தில் வசனத்துக்கென்று ஒரு மதிப்பு ஏற்பட்டது அந்தப் படத்திலிருந்துதான். அம்பிகாபதியின் கதை நம் பக்கத்து ஜனங்களுக்குச் சொந்தக் கதை. சோழர்கள் தலைநகர் அமைத்து ஆண்ட கங்கைகொண்ட சோழபுரம் உடையார்பாளையத்துக்கு அருகில் இருக்கையில், சோழன் அரண்மனையைத் திரையில் பார்த்த நம்மவர்களுக்கு அது வேற்றுக் காட்சியாக இருந்திருக்க நியாயமில்லை.

இந்தப் பாட்டுக்கள் நாட்டுப்புறத்துக்கு எந்த வழியாக வந்தன? அரியலூர், விழுப்புரத்திலிருந்து திருச்சிக்குச் செல்லும் கார்டு லைன் ரயில் மார்க்கத்தில் இருக்கிறது. லால்குடி, பிச்சாண்டார்கோயில், ஸ்ரீரங்கம் என்று ஸ்டேஷன்களை எண்ணிக்கொண்டே போனால் சில மணியில் திருச்சி. பெரம்பலூருக்கு அந்தப் பாக்கியமும் இல்லை. இன்றளவும் அவ்வூருக்கு ரயில் கிடையாது. ஆகவே படத்தைத் தேடி ஜனங்கள் போவதைவிட, ஜனங்களைத் தேடிப் படம் வரவேண்டியிருந்தது. வந்தது டூரிங் டாக்கீஸ். அறுவடை முடிந்த வயல்வெளியில் கூடாரம் அடித்து, தரை டிக்கெட்டுக்கு மணலைப் பரப்பி, பெஞ்சு டிக்கெட்டுக்கு நாலு பலகையைப் போட்டு, ஆண்களுக்கும் பெண்களுக்கும் நடுவே தட்டி கட்டிவிடுவார்கள். இருப்பது ஒரே புரொஜெக்டர். ஆகையால் சுருள் மாற்றும்போதெல்லாம் இடைவேளை. அந்த இடைவேளையில் முறுக்கும் சோடாவும். ஆட்டம் தொடங்குவதற்கு முன் ஒலிபெருக்கியில் ரிக்கார்டு வைப்பார்கள். அந்தச் சத்தம் காற்றில் வந்ததும் சுற்றுப்பட்டுக் கிராமங்களில் மாட்டை அவிழ்த்து வண்டியில் பூட்டுவார்கள். மண்ணைக் குவித்து மேடாக்கி, அதன்மேல் குழந்தையை உட்கார வைத்து, பொழுது விடியும் சமயத்தில் வீடு திரும்பிய தாய்மார்கள் மறுநாள் களையெடுக்கையில் அந்தப் பாட்டை எடுத்தார்கள்.

ரிக்கார்டு என்பதும் எளிய சாதனமன்று. அரக்குப் போன்ற கறுப்புத் தட்டின் ஒரு பக்கத்துக்கு மூன்று நிமிஷம், மிஞ்சினால் மூன்றரை நிமிஷம். கச்சேரியில் முக்கால் மணி விஸ்தரிக்கக்கூடிய ராகத்தின் ஜீவனை, பல்லவியும் அநுபல்லவியும் சரணமுமாக, இரண்டொரு சங்கதியுடன், அந்த மூன்று நிமிஷத்தில் அடக்கியாக வேண்டும். அடக்கினாலும் அவசரம் தெரியக்கூடாது. பாபநாசம் சிவன் சாகித்தியமும் வர்ணமெட்டும் அமைத்துக் கொடுத்தார். ராகத்தின் சொரூபத்தை முதல் வரியிலேயே காட்டிவிடும் வித்தை அவருடையது. வாத்திய சேர்க்கையைக் கவனித்த ஜி. ராமநாதன், நான் மேலே சொன்ன அந்தப் பிச்சாண்டார்கோயிலில் பிறந்தவர். பாகவதர் இவ்விருவர் கொடுத்ததையும் வாங்கி, தமிழ்ச் சொல்லின் ஓரெழுத்தும் நசுங்காமல் பாடினார். 'ஹரிதாஸ்' படத்தில் சாருகேசி ராகத்தில் அமைந்த பாட்டு வெளிவருவதற்கு முன் அந்த ராகத்தைச் சாமானிய ஜனங்கள் கேட்டிருந்தது மிகவும் அபூர்வம். வந்த பிறகு கல்யாண வீட்டுப் பந்தல்தோறும் சாருகேசி வந்துவிட்டது. 1939-இல் திருச்சியில் வானொலி நிலையம் திறக்கப்பட்டதும், சங்கீதம் காற்றிலும் வரலாயிற்று.

நடிகர் என்ற முறையில் அவரை எப்படி மதிப்பது? இங்கே அபிமானத்தை ஒருபுறம் வைத்துவிட்டுச் சொல்லவேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். முகத்தில் உணர்ச்சிகள் ஒன்றன்பின் ஒன்றாக மாறும் சூக்ஷ்மமான நடிப்பு அவரிடம் கிடையாது. அந்த விஷயத்தில் அவருக்குச் சமகாலத்துப் போட்டியாளராகக் கருதப்பட்ட புதுக்கோட்டை பி.யு. சின்னப்பா அவரைக் காட்டிலும் தேர்ந்தவர் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் 'திருநீலகண்ட'ரில் குயவராகவும், 'அசோக்குமா'ரில் கண்ணிழந்த குணாளனாகவும், 'சிவகவி'யில் சிவனையன்றிப் பிறரைப் பாடேனென்று முரண்டு பிடிக்கும் பொய்யாமொழிப் புலவராகவும் அவர் வந்தபோது, வசனத்தில் தளர்ந்து நின்ற காட்சி, பாட்டு ஆரம்பித்த மாத்திரத்தில் நிமிர்ந்து எழுந்ததைக் காணலாம். முகம் செய்யாததைச் சாரீரம் செய்தது. 'அசோக்குமா'ரில் ஒரு சிறு வேஷத்தில் எம்.ஜி. ராமச்சந்திரன் தோன்றினார் என்பதும், அன்று அவரை யாரும் பொருட்படுத்தவில்லை என்பதும் காலத்தின் விளையாட்டு.

1944-ஆம் வருஷத் தீபாவளிக்கு 'ஹரிதாஸ்' வந்தது. யுத்த காலம், பிலிம் தட்டுப்பாட்டினால் 11,000 அடிக்கு மேல் படம் போகக்கூடாதென்று சர்க்கார் உத்தரவு. முன்போல் ஐம்பது பாட்டுக்கு இடமில்லாமற்போன அந்தக் கட்டுப்பாடு படத்துக்கு நன்மையையே செய்தது. தாய் தகப்பனாரை அவமதித்து, தாசியின் மோகத்தில் சொத்தை இழந்து, கால்களும் போன பின்பு மனம் திரும்பி, பெற்றோரின் பணிவிடையில் மூழ்கிக் கடவுளையே வாசலில் காக்க வைக்கும் மகனின் கதை. சுந்தர் ராவ் நட்கர்னி டைரக்ட் செய்தார், ரம்பையாக டி.ஆர். ராஜகுமாரி நடித்தார், என்.சி. வசந்தகோகிலமும் பாடினார். சென்னை பிராட்வே தியேட்டரில் அந்தப் படம் 1944, 1945, 1946 ஆகிய மூன்று தீபாவளிகளைக் கண்டது. அந்தச் சாதனையைச் சொல்லுகிறவர்கள் அதனோடு சேர்த்துச் சொல்லவேண்டிய மற்றொரு செய்தி உண்டு: அந்த இரண்டு வருஷத்தில் பெரும்பகுதி நேரம், திரையில் பாடிக்கொண்டிருந்த மனிதர் சிறைக்குள் இருந்தார்.

நடிகர் நடிகைகளின் அந்தரங்கத்தைப் பற்றி எழுதிப் பத்திரிகை நடத்தி வந்தவர் சி.என். லட்சுமிகாந்தன், 'சினிமா தூது' நின்றபின் 'இந்து நேச'னை நடத்தினார். 1944 நவம்பர் 8-ஆம் தேதி வேப்பேரியில் ரிக்ஷாவில் போய்க்கொண்டிருந்தபோது அவரைக் கத்தியால் குத்தினார்கள்; மறுநாள் ஜெனரல் ஆஸ்பத்திரியில் அவர் உயிர் பிரிந்தது. டிசம்பர் மாதக் கடைசியில் பாகவதரும் நகைச்சுவை மன்னர் என்.எஸ். கிருஷ்ணனும், 'சிவகவி'யோடு சம்பந்தப்பட்ட டைரக்டர் ஸ்ரீராமுலு நாயுடுவும், கொலைக்குச் சதி செய்தார்களென்ற குற்றச்சாட்டின் பேரில் கைது செய்யப்பட்டார்கள். நாயுடு விடுதலையானார். மற்ற இருவரையும் ஜூரிகள் குற்றவாளிகளென்று கருத, 1945 மே மாதத்தில் ஆயுள் பரியந்தம் தீவாந்தர சிட்சை விதிக்கப்பட்டது. ஹைகோர்ட்டு அப்பீல் பலிக்கவில்லை. லண்டனிலிருந்த பிரிவி கௌன்ஸிலுக்கு வழக்குப் போயிற்று. அங்கிருந்து அப்பீலை மறுபடி விசாரிக்க வேண்டுமென்று உத்தரவு வந்தது. அந்த விசாரணையின் முடிவில், 1947 ஏப்ரலில், இருவரும் நிரபராதிகளென்று விடுதலையானார்கள். லட்சுமிகாந்தனைக் கொன்றது யார் என்ற வினா நியாயஸ்தலத்தில் தீராமலே நின்றுவிட்டது. அவருடைய பத்திரிகைத் தொழிலை நான் ஆதரிப்பவனல்லன். ஆயினும் நடுத்தெருவில் குத்துண்டு இறந்த ஒருவரை, நடிகரின் கதையில் வரும் ஓர் உபகதையாக மட்டும் வைத்துப் பேசும் வழக்கம் சரியென்று எனக்குத் தோன்றவில்லை.

சிறைவாசம் இரண்டு வருஷத்துக்கு மேல். அதற்குள் ஒப்பந்தமாகியிருந்த படங்கள் கைமாறிப் போயின. 'உதயணன் வாசவதத்தா'வில் அவருக்குப் பதிலாக ஜி.என். பாலசுப்பிரமணியம் நடித்தார். வெளியே வந்தபோது என்.எஸ். கிருஷ்ணன் மறுபடியும் சிரிக்க வைத்தார், ஜனங்களும் சிரித்தார்கள். பாகவதரால் விட்ட இடத்திலிருந்து தொடங்க முடியவில்லை. பூனாவில் அவரே எடுத்த 'ராஜமுக்தி' 1948-இல் வந்து தோற்றது. அந்தப் படத்துக்கு வசனம் எழுதப் பூனா சென்ற சிறுகதையாசிரியர் புதுமைப்பித்தன், அங்கே க்ஷயரோகம் முற்றித் திரும்பி, அதே வருஷம் ஜூன் மாதத்தில் காலமானார். ஒரு படத்தில் தமிழ் நாடு இழந்தது எவ்வளவென்று அதற்குப் பின் வந்தவர்களுக்கே தெரிந்தது. 1952-இல் 'அமரகவி', 'சியாமளா'. அதே வருஷத் தீபாவளிக்கு 'பராசக்தி' வந்தது. காலம் வசனத்தின் பக்கம் சாய்ந்துவிட்டது என்பதற்கு அதைவிட வேறு சாட்சி வேண்டியதில்லை. புராணக் கதையையும் பக்திப் பாட்டையும் விட்டு, அன்றாட வாழ்க்கையின் கொடுமைகளைக் கோர்ட்டுக் கூண்டில் ஏறிநின்று பேசும் கதாநாயகனை ஜனங்கள் விரும்பினார்கள். அந்த விருப்பத்திலும் நியாயம் இருந்தது. 1957-இல் பாகவதர் தாமே டைரக்ட் செய்த 'புது வாழ்வு'ம் பெயருக்கேற்ற வாழ்வை அவருக்கு அளிக்கவில்லை. பதினான்கு படங்களில் கடைசியான 'சிவகாமி', அவர் கண் மூடியபின் 1960-இல் வந்தது.

நோய் முற்றி, 1959 நவம்பர் முதல் தேதி, நாற்பத்தொன்பதாவது வயதில் சென்னை ஜெனரல் ஆஸ்பத்திரியில் அவர் காலமானார். உடல் திருச்சிக்குக் கொண்டுவரப்பட்டுச் சங்கிலியாண்டபுரத்தில் அடக்கமாயிற்று. ரயிலிலும் வண்டியிலுமாக ஒரு காலத்தில் அவர் கச்சேரிக்குக் கூடிய ஜில்லா இது. பல்லாண்டுகள் அந்தச் சமாதி கவனிப்பாரில்லாமல் கிடந்ததை எண்ணி மனம் வருந்தியவர்கள் பலர். இப்போது அரசாங்கம் திருச்சியில் அவருக்கு மணிமண்டபமும் சிலையும் எழுப்பியிருக்கிறது. அரியலூரிலிருந்தும் பெரம்பலூரிலிருந்தும் திருச்சிக்குக் காரியமாகப் போகிறவர்கள் ஒரு நடை போய்ப் பார்த்து வரலாம்.

ஆனால் அவர் வித்தையின் வாரிசு யார் என்று கேட்டால், அதற்குச் சிலையைத் தேடவேண்டியதில்லை. 'ஹரிதா'ஸை டைரக்ட் செய்த அதே சுந்தர் ராவ் நட்கர்னி, கோயமுத்தூரில் 'கிருஷ்ண விஜயம்' எடுத்தபோது, மதுரையிலிருந்து வந்த ஒரு வாலிபருக்குப் பாட இடம் கொடுத்தார். 1950-இல் படம் வெளிவந்தது. பாகவதர் பாட்டுக்களையே கேட்டுக் கேட்டு, அவர் போலவே பாடிப் பழகியிருந்த அந்த வாலிபரின் முதல் பாட்டும் பாகவதர் மெட்டின் சாயலிலேயே அமைந்தது. அவர்தாம் டி.எம். சௌந்தரராஜன். நாலு வருஷம் கழித்து, பிச்சாண்டார்கோயில் ராமநாதன் 'தூக்குத் தூக்கி' படத்தில் சிவாஜி கணேசனுக்காக அவரைப் பாட வைத்தார். பாகவதருக்கு மெட்டுக்களைச் செப்பனிட்ட அதே கை, இப்போது அடுத்த தலைமுறையின் குரலையும் செப்பனிட்டது.